கடைக்குள் கண்ணாடி இழைக் கேபிள்

2016-ல் வந்த யுபிஐ இன்று நம் கல்லாப்பெட்டியில் பாதி. அது ஓடுவது தலைமுடி தடிமனுள்ள கண்ணாடி இழையில். செம்புக் கம்பி போல மூலையில் மடக்கி ஆணி அடித்தால் ஒளி கசிந்து இணைப்பு தடுமாறும். சாதாரண இழையை 30 மி.மீ. ஆரத்துக்குக் கீழே வளைக்கலாகாது. கட்டடத்துக்குள் இழுப்பதற்கான ஜி.657.ஏ2 ரகம் 7.5 மி.மீ. வரை தாங்கும். அதையே கேட்டு வாங்குவோம்.

நமக்குப் பெரிய பகை எலி. அரிசி மூட்டைக்குப் பின்னால் விட்ட கேபிளைச் சும்மா விடுமா? பிவிசி குழாய்க்குள், ஆள் உயரத்துக்கு மேலே கொண்டு போவதே நல்லது.

இழையில் மின்சாரம் ஓடாது. ஆனால் முனையிலுள்ள பெட்டிக்கு மின்சாரம் வேண்டும். பில் மெஷினுக்கு இன்வெர்ட்டர் போடும் பலர் இந்தப் பெட்டியை விட்டுவிடுகிறார்கள். கழற்றிய முனையைக் கண்ணருகே வைத்துப் பார்க்க வேண்டாம். அந்த லேசர் ஒளி கண்ணுக்குத் தெரியாது.