நச்சாவியும் மலையோடையும்

இரவில் மண்ணிலிருந்து ஓர் ஆவி எழும். அதற்கு உருவமில்லை. பனியோடு கலந்து தாழ்ந்த நிலங்களில் தங்கும். அதனை மூச்சோடு உட்கொண்டவன் சில நாட்களில் குளிர்நடுக்கம் கண்டு படுக்கையில் வீழ்வான். மாயக் கதையில் வரும் பொருள் போலத் தோன்றும் இதனை மேலைநாட்டு மருத்துவர் ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகள் மெய்யென்றே கொண்டிருந்தனர். கிரேக்கர் இதற்கு இட்ட பெயர் 'மியாஸ்மா'. மாசு, தீட்டு என்பது அதன் பொருள். நம் 'மாசு' என்னும் சொல்லோடு ஒலி ஒத்திருத்தல் பற்றி இரண்டற்கும் உறவு கற்பித்தல் வேண்டா.

அந்த நம்பிக்கை இன்றும் ஒரு நோயின் பெயரில் உறைந்து கிடக்கிறது. இத்தாலிய மொழியில் 'மாலா' என்பது தீய; 'ஆரியா' என்பது காற்று. இரண்டும் சேர்ந்து 'மலேரியா' ஆயின. குளிர்காய்ச்சலை மலைக்காய்ச்சல் என வழங்கும் பழக்கம் நம்மிடையே இருத்தலின், மாணவர் சிலர் மலேரியாவில் 'மலை'யைக் காண்பதுண்டு. அது பிழை.

காற்றை நோயொடு சேர்த்து எண்ணுதல் தமிழர்க்கும் புதிதன்று. வள்ளுவர் மருந்து அதிகாரத்தில் நோய் செய்யும் மூன்றனுள் வளியையே முதலில் வைத்தார். ஆயின் அவ்வளி உடம்பினுள் இயங்குவது; கிரேக்கர் கூறிய ஆவியோ நிலத்திலிருந்து எழுவது. இவ்வேறுபாட்டை மறத்தல் கூடாது. நாட்டுப்புறத்தார் அஞ்சும் 'காத்துக் கருப்பு' பின்னதற்குச் சற்று அணுக்கமானது. மலாய்க்காரர் உடல்நலம் குன்றியவரை 'மாசோக் ஆங்கின்' என்பர். காற்று உட்புகுந்தது என்பதே அதன் பொருள்.

1786-இல் பினாங்கில் குடியேற்றம் நிறுவிய பிரான்சிஸ் லைட் 1794-இல் மலேரியாவால் இறந்தார். அக்கால மருத்துவம் காட்டும் காரணம் சதுப்பு நிலத்து நச்சாவியே. ஆதலின் வெள்ளையர் கொடிமலை மீது மாளிகை கட்டிக்கொண்டு உடல் தேற்றினர். மேலே சென்றால் ஆவி எட்டாது என்பது அவர் கருத்து. கருத்துத் தவறு, பயன் மட்டும் ஓரளவு கிட்டியது. குளிர்ந்த உயரங்களில் கொசு குறைவு என்பதே உண்மைக் காரணம். பொய்யான கொள்கை சில வேளைகளில் மெய்யான நலத்தைத் தருதலால்தான் அதனை அசைத்தல் அத்துணை அரிதாயிற்று.

நச்சாவிக் கொள்கை வகுத்த மருந்து எளியது: காட்டை அழி, வெயிலும் காற்றும் புகவிடு, சதுப்பை வடித்துவிடு. 1897-இல் செகந்தராபாதில் ரொனால்ட் ராஸ், மலேரியாக் கிருமியைக் கொசுவின் வயிற்றில் கண்டார். ஆவி அன்றே பொய்த்தது. எனினும் அதன் மருந்து பொய்த்ததா என்பது மலாயாவில்தான் தெளிவாயிற்று.

மால்கம் வாட்சன் என்னும் மருத்துவர் 1901-இல் கிள்ளானில் சதுப்பை வடித்துக் காட்டை அகற்றினார். காய்ச்சல் வெகுவாகக் குறைந்தது. அங்கே நோய் பரப்பியது நிழலடர்ந்த தேங்குநீரில் வளரும் கொசு. நிழல் போனதும் அதுவும் போயிற்று. அதே முறையை மேட்டுநிலத்துக் கித்தாத் தோட்டங்களில் கைக்கொண்டபோது நேர்மாறான விளைவு நேர்ந்தது. காடு வெட்டப்பட்ட பின்னர்க் காய்ச்சல் மிகுந்தது; வரிசை வீடுகளில் தமிழ்த் தொழிலாளர் கொத்துக்கொத்தாக மடிந்தனர். மலைச்சரிவில் நோய் பரப்புவது 'அனோபிலிஸ் மாக்குலாட்டஸ்' என்னும் வேறொரு கொசு. அது விரும்புவது அழுகிய சேற்றையன்று. வெயில் படும் தெளிந்த ஓடையையும் ஊற்றுக் கசிவையுமே. காட்டு நிழலில் வளரமாட்டாத அதற்கு, வெட்டிய நிலம் தொட்டில் ஆயிற்று. தூயதென்று கருதி மக்கள் அள்ளிக் குடித்த நீரிலேயே கேடு பிறந்தது. நாற்றத்தை வைத்து நஞ்சைத் தேடிய பழங்கொள்கை அவ்வோடையின் மீது ஐயங்கொள்ள வழியே இல்லை. ஓடைநீரை மண்ணுக்கடியில் குழாய் வழிச் செலுத்துதல், நீர்மேல் எண்ணெய் தெளித்தல் ஆகிய முறைகளை வாட்சன் கையாண்டார். தம் பட்டறிவை 1911-இல் நூலாகவும் வெளியிட்டார்.

இவ்வேறுபாட்டைக் கண்ணால் காண விரும்புவோர்க்குப் பினாங்குத் தீவின் தென்மேற்கிலுள்ள பாலிக் புலாவ் நல்ல பாடநூல். 'தீவின் பின்புறம்' என்பது அப்பெயரின் பொருள். கிழக்கே மலைச்சரிவு; அதில் டுரியான், சாதிக்காய், கிராம்புத் தோட்டங்கள். நடுவே சுங்கை பூரோங் வயல்வெளி. மேற்கே அலையாத்திக் காடும் உவர்நீரும். மலையோடையில் வளரும் கொசு உவர்நீரில் வளராது. உவர்நீர்க் கொசு மலையேறி முட்டையிடாது. மரநிழல் மூடிய ஓடைக்கும் மொட்டைச் சரிவின் ஓடைக்கும் இடையே சில நூறு அடிகளே இருக்கலாம். கொசுவுக்கு அவை இரு வேறு நாடுகள். 'ஊரின் காற்று கெட்டது' என்னும் ஒற்றைத் தொடரால் இத்தனையையும் மூடிவிட முடிந்தது என்பது வியப்பே.

மனிதரிடமிருந்து மனிதர்க்குப் பரவும் மலேரியா, மலேசியாவில் 2018 முதல் உள்நாட்டில் ஒருவரிடமும் தோன்றவில்லை. இப்போது எஞ்சியிருப்பது குரங்கிடமிருந்து கொசு வழியே மனிதரைப் பற்றும் 'நோலெசி' வகை. மனிதர்க்கு இயற்கையாக அது தொற்றியது முதன்முதல் 1965-இல் இத்தீபகற்பத்தில்தான் அறியப்பட்டது. அது காட்டோரத்து நோய். அதன் கொசுக்கள் மாக்குலாட்டஸைப் போல வெயிலோடையை நாடுவனவல்ல. பெரும்பாலும் மரநிழலில் தேங்கும் சிறு நீரில் வளர்வன.