தரை போடுமுன் ஈரத்தைப் பாருங்கள்

"பங்களாவுல பலகத் தரை மிஸ், கால் வச்சா குளிராது. அம்மாவுக்கு முழங்கால் வாதம். சீட்டுக் காசு கெடச்சிருக்கு. நம்ம வீட்டுக்கும் பலக போட்டுறலாமா?"

பதுளைப் பகுதித் தோட்டமொன்றில் ஒரு சகோதரி கேட்ட கேள்வி இது. 1983 வன்செயலின் பின் பெற்றோருடன் வன்னிக்குப் போய், யுத்தத்தில் கணவரை இழந்து, தாயுடன் தோட்டத்துக்கே திரும்பியவர் அவர். வடக்கு, கிழக்கில் இந்திய வீடமைப்புத் திட்டத்தின் கீழ் 5,50,000 ரூபாவைத் தவணை தவணையாகப் பெற்று வீடு கட்டிய சகோதரிகளுக்கும், தரை வேலைக்கு வரும்போது கை வெறுமையாகிவிடுவது புதிய கதையல்ல. ஆகவே கடைசிக் காசை யோசித்தே செலவிட வேண்டும்.

பலகைத் தரை போட மூன்று முறைகள் உண்டு. முதலாவது, சட்டங்கள் அடித்து, அவற்றின் மேல் பலகையை ஆணியால் அறைவது. பலகையின் கீழே காற்றோட்டம் இருந்தால் இது நெடுநாள் நிற்கும். ஆனால் கறையானுக்கு மருந்து பூச வேண்டும். இரண்டாவது, சீமெந்துத் தரையில் பசையால் ஒட்டுவது. தரை மட்டமாகவும் நன்கு காய்ந்தும் இருந்தால் மட்டுமே இது பிடிக்கும். மூன்றாவது, மெல்லிய நுரைவிரிப்பின் மேல் ஒன்றோடொன்று கொளுவும் பலகைகளை விரிப்பது. இவை தரையில் ஒட்டப்படுவதில்லை. பலகை ஈரத்தில் விரியும் என்பதால் சுவரோரம் அரை அங்குலம் அளவு இடைவெளி விட வேண்டும்.

எதைத் தெரிவதென்பதை ஈரலிப்பே தீர்மானிக்கிறது. இரண்டடிச் சதுரமான தடித்த பொலித்தீன் துண்டைத் தரையில் விரித்து, நான்கு ஓரமும் டேப் ஒட்டி, ஒரு முழு நாள் விடுங்கள். அடியில் நீர்த்துளி நின்றாலோ, சீமெந்து கறுத்தாலோ அந்தத் தரைக்கு இப்போது பலகை ஆகாது.

அந்தச் சகோதரியின் வீட்டில் பொலித்தீன் வியர்த்திருந்தது. சரிவை வெட்டிக் கட்டிய வீடு. மேட்டுப்பக்க நீர் அடியால் ஊறுகிறது. முதலில் அந்தப் பக்கம் கான் வெட்டினார். பின்னர் பொலித்தீன் விரித்து அதன் மேல் புதிதாகச் சீமெந்துத் தரை போடுவித்தார். தாய் படுக்கும் மூலையில் மட்டும், அடியில் காற்றுப் போகும்படி பலகை மேடையொன்று அடித்தார். சீட்டுக் காசில் மிச்சமும் இருந்தது.

ஒன்றை மறவாதீர்கள். தரையிலோ, வீட்டுக்கு மேலுள்ள நிலத்திலோ புதிய வெடிப்பு தோன்றினால் அதைச் சீமெந்தால் பூசி மறைக்க வேண்டாம். அது மண்சரிவின் முன்னறிகுறியாக இருக்கலாம். 2014 ஒக்டோபர் 29 அன்று கொஸ்லந்தை மீரியபெத்தையில் லயன்களே மண்ணுள் புதைந்தன. வெடிப்பைக் கண்டால் பிள்ளைகளுடன் பாதுகாப்பான இடத்துக்குப் போய், கிராம அலுவலர் மூலம் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்துக்கு அறிவியுங்கள். தரையைப் பிறகு போடலாம்.