ஒரு மனிதரின் பெயர் வினைச்சொல்லான கதை

ஒரு பொருளையோ கூட்டத்தையோ தேர்தலையோ பலர் சேர்ந்து புறக்கணித்தால், அதை 'பாய்காட்' செய்தல் என்கின்றனர். மலாய் மொழியில் இதுவே 'போய்கோட்'. தமிழில் புறக்கணித்தல், பகிஷ்கரித்தல் என்போம். ஆனால், பாய்காட் என்பது ஒரு மனிதரின் குடும்பப் பெயர் என்பது பலருக்குத் தெரியாது.

சார்லஸ் பாய்காட் அயர்லாந்தின் மாயோ மாவட்டத்தில் எர்ன் பிரபுவின் நிலங்களைக் கவனித்து வந்த முகவர். 1879ஆம் ஆண்டு விளைச்சல் பொய்த்ததால் மறு ஆண்டு குத்தகையில் 25 விழுக்காடு குறைக்கும்படி விவசாயிகள் கேட்டனர். 10 விழுக்காட்டுக்கு மேல் பிரபு இணங்கவில்லை. குத்தகை கட்டாதவர்களை வெளியேற்ற பாய்காட் முற்பட்டார்.

1880 செப்டம்பரில் அயர்லாந்துத் தலைவர் பார்னெல் ஒரு வழி சொன்னார். வெளியேற்றப்பட்டவரின் நிலத்தை எடுப்பவரைத் தாக்க வேண்டாம். அவரிடம் பேச வேண்டாம், வாங்க வேண்டாம், விற்க வேண்டாம் என்றார். அந்த வழியே பாய்காட் மீது பாய்ந்தது. வேலையாட்கள் நின்றுவிட்டனர். கடைக்காரர்கள் பொருள் தர மறுத்தனர். அறுவடைக்கு வெளியூரிலிருந்து சுமார் 50 பேர் வந்தனர். அவர்களைக் காக்கப் பெரும் படையே வந்தது. விளைச்சலின் மதிப்பைவிடப் பாதுகாப்புச் செலவே பன்மடங்கு அதிகம். நவம்பர் இறுதியில் பாய்காட் ஊரைவிட்டே போனார்.

இதை எப்படி அழைப்பது? கடினமான ஆங்கிலச் சொல் பாமரருக்குப் புரியாது என்று கருதிய ஓ'மாலி பாதிரியார், அவர் பெயரையே வினையாக்கச் சொன்னதாக அமெரிக்கச் செய்தியாளர் ரெட்பாத் எழுதியுள்ளார். சில வாரங்களில் செய்தித்தாள்கள் அச்சொல்லை எடுத்துக்கொண்டன. பிரெஞ்சு, ஜெர்மன் மொழிகளிலும் அது புகுந்தது.

இச்சொல்லுக்கு மறுபக்கமும் உண்டு. தமக்கு வேலை செய்த கொல்லருக்குக் கொலை மிரட்டல் வந்ததாக பாய்காட் நாளிதழுக்கு எழுதினார். அப்படியானால் மறுத்தவர் எல்லாரும் மனமுவந்து மறுத்தனர் என்று சொல்ல முடியாது. நம் கிராமங்களில் ஏழைக் குடும்பத்தை ஊர்விலக்கு செய்து தண்ணீரும் நெருப்பும் மறுத்த கொடுமையும் இதே கருவியால் நடந்ததுதான்.

வலியவரின் அநீதிக்கு எளியவர் தம் உழைப்பையும் பணத்தையும் தர மறுப்பது ஒன்று. எளியவரை வலியவர் ஒதுக்கி வைப்பது வேறு. சொல் ஒன்றுதான். அதை யார், யார் மீது, எதற்காகச் செய்கிறார் என்பதைப் பொறுத்தே அது அறமாகவோ கொடுமையாகவோ ஆகிறது.