மயில்கொன்றைக்கு மூச்சு விட இடம் கொடுப்போம்

ஒர்க்‌ஷாப் வாசலில் நிற்கும் மயில்கொன்றையைப் பார்த்து, "மே மாசம் வந்தா மரமே தீப்பிடிச்ச மாதிரி இருக்குடா" என்று சொல்லாதவர் நம்மில் யார்? மடகாஸ்கரிலிருந்து வந்த மரம். வேர் ஆழமாகப் போகாது, மேலாகவே பரவும். கிளையும் சட்டென்று முறியும். 2016 டிசம்பரில் வர்தா புயல் அடித்தபோது சென்னையில் சாய்ந்த மரங்களில் இதுவும் உண்டு.

சிவில் மாணவர்களாகிய நாங்கள் செய்த தப்பை ஒப்புக்கொள்கிறேன். உட்கார்ந்து பேச வசதியாக இருக்கட்டுமே என்று, போன வருஷம் அடிமரத்தை ஒட்டி சிமெண்ட் மேடை கட்டினோம். அஸ்திவாரத்துக்காக இரண்டு வேரையும் வெட்டினோம். இப்போது வேருக்குத் தண்ணீரும் காற்றும் சரியாகப் போவதில்லை. வெட்டுக்காயம் வழியாகத்தான் வேரழுகல் பூஞ்சாணம் நுழையும். அடிமரத்தில் தட்டுத்தட்டாகக் காளான் முளைத்துவிட்டால், உள்ளே அழுகி ரொம்ப நாளாச்சு என்று அர்த்தம். அதன்பிறகு மருந்து பலிக்காது. நல்லவேளை, நம் மரத்தில் இன்னும் காளான் இல்லை.

பட்டைமேல் மரத்தூளும் எச்சமும் கலந்து நூலாம்படை போல் ஒட்டியிருந்தால் அது பட்டைப்புழு. அதைச் சுரண்டிவிட்டு, துளைக்குள் கம்பியை விட்டுப் புழுவைக் குத்தியெடுத்து, களிமண்ணால் அடைத்தால் போதும். ஆணி வேண்டவே வேண்டாம். (யூனியன் தேர்தல் தட்டிகளை மாட்டியது யார் என்று கேட்காதீர்கள்!)

மேடையை உடைக்க அனுமதி வாங்கியாச்சு. அடிமரத்தைச் சுற்றி மூன்றடிக்கு வெறும் மண்தான். செமஸ்டர் லீவில் வருகிறவர்கள் கடப்பாரையோடு வாங்க, வேரில் படாமல் பார்த்துக் குத்துங்க.