மலையக மைதானங்கள் – 9: கிண்ணம் போன ஊர்கள்

1909இல் இத்தாலியின் டியூரின் நகரில் ஒரு கால்பந்துப் போட்டி நடந்தது. ஃபிஃபாவின் உலகக் கிண்ணம் பிறக்க இன்னும் 21 வருடம் இருந்த காலம். இங்கிலாந்திலிருந்து போன அணியின் பெயர் வெஸ்ட் ஒக்லண்ட். டர்ஹம் பக்கத்தில் நிலக்கரி வெட்டிய சுரங்கத் தொழிலாளர்கள். இறுதியாட்டத்தில் சுவிட்சர்லாந்தின் வின்டர்தூர் அணியை 2–0 என்று வென்றார்கள். 1911இல் மறுபடியும் போய் யுவென்டஸை 6–1 என்று நொறுக்கிவிட்டு வந்தார்கள். அவர்கள் ஊருக்குத் தூக்கிவந்தது சேர் தோமஸ் லிப்டன் கிண்ணம்.

அப்புத்தளைக்காரர்களுக்கு இந்த லிப்டனைப் புதிதாக அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. கிளாஸ்கோவில் மளிகைக் கடை நடத்தி முன்னுக்கு வந்தவர், 1890இல் இங்கே வந்து தம்பேதன்ன முதலான தோட்டங்களை வாங்கினார். அவர் உட்கார்ந்து தோட்டத்தைப் பார்த்ததாகச் சொல்லப்படும் உச்சிக்கு இன்று ஆட்டோவில் ஆள் ஏற்றுகிறார்கள். மேலே அவருக்கு ஒரு சிலை, உட்கார்ந்த கோலத்தில். வெள்ளைக்காரர்களும் நம்மவர்களும் பக்கத்தில் உட்கார்ந்து படம் எடுத்துக்கொள்கிறார்கள்.

கம்பனிகள் விளையாட்டுக்கு அனுசரணை தருவதைத் தொலைக்காட்சி கொண்டுவந்த பழக்கம் என்று பலரும் நினைக்கிறோம். லிப்டன் வானொலிக்கே முந்தியவர். தோட்டத்திலிருந்து நேரே தேநீர்ப் பானைக்கு என்று விளம்பரம் செய்தவருக்கு விளையாட்டு இன்னொரு விளம்பரப் பலகை. 1905இல் அர்ஜென்டினாவுக்கும் உருகுவேக்கும் நடுவே ஒரு கிண்ணத்தை வைத்தார். அமெரிக்கக் கிண்ணப் பாய்மரப் போட்டிக்கு 'ஷாம்ரொக்' என்ற பெயரில் படகுகள் கட்டி 1899, 1901, 1903, 1920, 1930 என ஐந்து முறை இறங்கினார். ஐந்திலும் தோல்வி. தோற்கத் தோற்க அமெரிக்காவில் அவர் பெயர் ஏறிக்கொண்டே போனது. கடைசித் தோல்விக்குப் பிறகு அமெரிக்கர்கள் தங்களுக்குள் காசு சேர்த்து அவருக்கே ஒரு தங்கக் கிண்ணம் செய்து கொடுத்தார்கள். தோல்வியை இவ்வளவு இலாபமாக விற்ற வியாபாரி வேறு யாரும் இருக்க முடியாது.

தென்னமெரிக்கக் கிண்ணத்துக்கு அவர் போட்ட நிபந்தனையையும் சொல்ல வேண்டும். அந்தந்த மண்ணில் பிறந்தவர்கள் மட்டுமே ஆடலாம். நல்ல நிபந்தனைதான். 1948இல் இலங்கை கொண்டுவந்த பிரஜாவுரிமைச் சட்டத்தில் அதுகூடப் போதவில்லை. இங்கே பிறந்திருந்தாலும் அப்பனும் இங்கே பிறந்தவன் என்று காட்ட வேண்டியிருந்தது. தம்பேதன்னயில் கொழுந்து பறித்தவர்களின் பிள்ளைகள் அதில் எத்தனை பேர் தேறியிருப்பார்கள்?

வெஸ்ட் ஒக்லண்டின் கதை அந்த இரண்டு வெற்றிகளோடு முடியவில்லை. இரண்டாவது பயணம் கழகத்தைக் கடனில் தள்ளிவிட்டது. ஊரில் ஹோட்டல் நடத்திய பெண்மணியிடம் 40 பவுணுக்குக் கிண்ணத்தை ஈடு வைத்தார்கள். 1960இல்தான் 100 பவுண் கொடுத்து மீட்டார்கள். 1994இல் அது திருட்டுப் போனது. இப்போது இருப்பது நகல். தீபாவளி முடிந்து பதுளை நகரில் அடகுச் சீட்டோடு நிற்கிற எவருக்கும் இந்தச் சுரங்கக்காரர்களை நன்றாக விளங்கும்.

டியூரின், புவனஸ் அயர்ஸ், நியூயோர்க். எல்லாமே பக்கெட் தேயிலையைக் காசு கொடுத்து வாங்கக்கூடிய ஊர்கள். அனுசரணை போகிற திசை அதுதான். பொருளை வாங்குகிறவன் இருக்கும் மைதானத்துக்கு அது போகும், விளைவிக்கிறவன் இருக்கும் மைதானத்துக்குப் போகாது. 2000களில் இலங்கை கிரிக்கெட் அணியின் சட்டையில் தில்மா தேயிலையின் பெயர் இருந்தது. தில்மா முதலில் காலூன்றிய வெளிச்சந்தை ஆஸ்திரேலியா, கிரிக்கெட் பார்க்கிற நாடு. கணக்கு சரியாக இருக்கிறது. பிலிப்பைன்ஸில் இன்னும் ஒரு படி மேலே போய்விட்டார்கள்: 1975இல் தொடங்கிய தொழில்முறை கூடைப்பந்து லீக்கில் அணிகளுக்கு ஊர்ப் பெயரே கிடையாது, சான் மிகுவல், ஜினெப்ரா என்று கம்பனியும் சரக்கும்தான் பெயர். ஊரே அங்கே சாராயத்தின் பெயரைச் சொல்லிக் கைதட்டுகிறது.

நம் பிள்ளைகளையும் இதே கணக்குதான் எட்டுகிறது. பாடசாலை விளையாட்டுகளில் மைலோ, சேர் ஜோன் டாபட் மெய்வல்லுநர் போட்டிகளில் ரிட்ஸ்பரி. மைலோவும் சொக்லேட்டும் வாங்குகிற வயதுக்காரர்கள் ஓடுகிறார்கள், கம்பனி வருகிறது. குறை சொல்லவில்லை. அதுவும் இல்லையென்றால் பல போட்டிகள் நடக்காது.

தோட்டத்துக்குள் வந்தால் நிலைமை வேறு. சமதரை கிடைப்பதே அரிது. இருப்பது பெரும்பாலும் பாடசாலைத் திடல், இல்லையென்றால் கோயிலடி. அங்கே போயா விடுமுறைக்கு ஒரு மென்பந்து கிரிக்கெட் சுற்றுப்போட்டி வைக்கிறார்கள். நோட்டீஸின் அடியில் அனுசரணையாளர் வரிசையைப் பாருங்கள்: நகைக்கடை, போன் கடை, ஹார்ட்வெயார், ஸ்டூடியோ, ஒரு பிரதேச சபை உறுப்பினர், கொழும்பில் வேலை செய்யும் அண்ணன்மார். ஜேர்சியின் நெஞ்சில் 055இல் தொடங்கும் கடை இலக்கம். ஹார்ட்வெயார் முதலாளிக்கும் லிப்டனின் கணக்குதான். சீமெந்தும் தகரமும் வாங்குகிறவர்கள் அந்த லயங்களில் இருக்கிறார்கள். ஒரே வித்தியாசம், இவர் போட்டி நாளில் வந்து வெயிலில் நின்று பார்ப்பார், சோட் ஈட்ஸும் அனுப்பிவைப்பார்.

இந்த ஏற்பாட்டில் அணிக்குச் சட்டை கிடைக்கும். தனியாக ஓடுகிற பிள்ளைக்கு ஒன்றும் கிடைக்காது. ஸ்பைக்ஸ், முட்டை, பால், பதுளை வின்சன்ட் டயஸ் மைதானத்துக்குப் பஸ் காசு: இவை வாரா வாரம் வேண்டியவை, ஒரு நாள் நோட்டீஸில் அடங்காதவை. அதனால் கெட்டிக்காரர்கள் சம்பளம் தருகிற இடத்தைத் தேடிப் போகிறார்கள். ஹற்றன் பக்கத்திலிருந்து வந்து 10,000 மீற்றரில் தேசிய மட்டத்தில் வென்ற குமார் சண்முகேஸ்வரன் ஓடியது இராணுவத்துக்காக. அரசாங்கச் சம்பளம்தான் இந்த நாட்டு ஓட்டக்காரனின் மிகப் பெரிய அனுசரணை.

ஜூலை தொடக்கம் செப்டெம்பர் வரை அடிக்கிற வரண்ட காற்றில் ஊவாத் தேயிலைக்குத் தனி மணம் ஏறும். அந்த மணத்துக்காகவே ஊவா என்ற பெயரைப் பெட்டியில் அச்சடித்து உலகச் சந்தையில் விலை கூட்டுகிறார்கள். அந்தப் பெயரில் விற்கிற கம்பனிகளிடம் கிண்ணம் கேட்க வேண்டாம். மூன்று வருட உடன்படிக்கை, ஒரு பயிற்றுநரின் சம்பளம், நாலு பிள்ளைகளின் சாப்பாட்டுச் செலவு என்று எழுதிக் கேட்கலாம். கேட்கப் போகிறவர்கள் யார், தொழிற்சங்கமா, பாடசாலையா, கழகமா என்பதில்தான் சிக்கல். அதை அடுத்த வாரம் பார்ப்போம்.

(தொடரும்)