டிராக்டர் ஓட்ட எந்த லைசென்ஸ்? தென்காசி விவசாயிகள் தெரிந்துகொள்ள வேண்டியவை

வைகாசி கடைசியில் சாரல் தொடங்கி சிற்றாற்றில் தண்ணீர் வந்துவிட்டால், தென்காசி வட்டாரத்தில் கார் சாகுபடிக்குச் சேற்று உழவு தொடங்கிவிடும். குற்றாலம் சீசனும் அதே நேரம்தான். இலஞ்சி, மேலகரம் பக்கம் வயலிலிருந்து ஏறும் டிராக்டரும், அருவிக்குப் போகும் வெளியூர் கார்களும் ஒரே ரோட்டில்தான் போயாக வேண்டும். மழைத் தூறல், நெரிசல், வழி தெரியாத ஓட்டுநர்கள் என்று எல்லாம் சேர்ந்து வரும் மாதங்கள் இவை.

பயிற்சிக் கூட்டங்களில் விதை, உரம், மானியம் பற்றிப் பேசி முடித்த பிறகு, யாராவது ஒருவர் எழுந்து, "சார், டிராக்டருக்குத் தனியா லைசென்ஸ் வேணுமா? என்கிட்ட கார் லைசென்ஸ்தான் இருக்கு" என்று கேட்பார். இன்னொருவர், "வயலுக்குத்தானே ஓட்டுறோம், லைசென்ஸ் எதுக்கு?" என்பார். இரண்டு கேள்விகளுக்கும் சரியான பதில் தெரிந்திருப்பது நல்லது. ஏனென்றால் இதில் அபராதத் தொகை பெரிய விஷயம் இல்லை. ஒரு விபத்து நடந்துவிட்டால் உங்கள் நிலத்தையே அது பாதிக்கலாம்.

வயலில் தேவையில்லை, ரோட்டில் தேவை

மோட்டார் வாகனச் சட்டம், 1988, பொது இடத்தில் வாகனம் ஓட்ட ஓட்டுநர் உரிமம் கட்டாயம் என்கிறது. உங்கள் சொந்த வயலுக்குள் உழுவதற்கு உரிமம் கேட்கப்படுவதில்லை. ஆனால் வரப்பைத் தாண்டி ஊர்ச்சாலையிலோ தார் ரோட்டிலோ ஏறியதும் நீங்கள் பொது இடத்தில் இருக்கிறீர்கள். இந்த வயலிலிருந்து அந்த வயலுக்கு நூறு அடி தூரம் ரோட்டில் போனாலும் சட்டம் ஒன்றுதான். இரண்டு வயலுக்கும் நடுவே ரோடு இல்லாத விவசாயி நம்மில் எத்தனை பேர்?

உரிமத்தில் உள்ள வகுப்புகள்

உங்கள் உரிம அட்டையில் எந்த வகை வாகனத்துக்கு அனுமதி என்று எழுதியிருக்கும். அதைத்தான் வகுப்பு என்கிறோம். விவசாயிகளுக்குத் தேவைப்படும் வகுப்புகள் இவை:

1. கியர் இல்லாத இருசக்கர வாகனம். ஸ்கூட்டர், மொபெட் இதில் வரும். 16 வயது நிரம்பியவருக்கு 50 சிசி வரையுள்ள வண்டிக்கு மட்டுமே உரிமம் கிடைக்கும். நம் ஊரில் புல்லுக்கட்டும் பால்கேனும் ஏற்றிப் போகும் டி.வி.எஸ். எக்ஸ்.எல். 100 வண்டி ஏறக்குறைய 100 சிசி. எனவே அதற்கு 18 வயதும் வேண்டும், உரிமமும் வேண்டும். "எக்ஸ்.எல்.லுக்கு லைசென்ஸ் வேண்டாம்" என்று ஊரில் சொல்வது தவறு.

2. கியர் உள்ள இருசக்கர வாகனம். பைக் எல்லாம் இதில் வரும். 18 வயது.

3. இலகு ரக மோட்டார் வாகனம், அதாவது எல்.எம்.வி. கார், ஜீப் இதில் வரும். டிராக்டரும் இதில்தான் வருகிறது. வயது 18.

4. போக்குவரத்து வாகனம். லாரி, பஸ் போன்ற கனரக வண்டிகளுக்கு இந்த வகுப்பு தேவை. 20 வயது நிரம்பியிருக்க வேண்டும். எல்.எம்.வி. உரிமம் எடுத்து ஓராண்டு ஆன பிறகே இதற்கான பழகுநர் உரிமம் கேட்க முடியும். முன்பு இதற்கு எட்டாம் வகுப்புத் தேர்ச்சி கேட்டார்கள். 2019-இல் அந்த நிபந்தனையை நீக்கிவிட்டார்கள்.

டிராக்டருக்கு எல்.எம்.வி. போதும்

காலி எடை 7,500 கிலோவுக்கு மிகாத டிராக்டர் எல்.எம்.வி. வகுப்பைச் சேர்ந்தது என்று சட்டத்தின் வரையறையிலேயே இருக்கிறது. நாம் வைத்திருக்கும் 45, 50 குதிரைத்திறன் டிராக்டர்கள் ஏறக்குறைய 2,000 கிலோதான். எனவே காரில் சோதனை கொடுத்து எடுத்த எல்.எம்.வி. உரிமத்தோடு டிராக்டர் ஓட்டலாம். தனி உரிமம் தேவையில்லை. ஆனால் பைக் உரிமம் மட்டும் வைத்துக்கொண்டு டிராக்டர் ஓட்டுவது உரிமம் இல்லாமல் ஓட்டுவதற்குச் சமம். அதேபோல, அட்டையில் டிராக்டர் என்று மட்டும் எழுதியிருந்தால், அதை வைத்துக் காரும் ஓட்டலாம் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

டிரெய்லர் மாட்டினால் உரிமம் மாறுமா? இந்தக் கேள்வி உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது. 2001-ஆம் ஆண்டு நாகஷெட்டி வழக்கில், டிராக்டர் ஓட்ட உரிமம் உள்ளவர் அதோடு டிரெய்லரை இணைத்து ஓட்டினார் என்பதற்காக அவருடைய உரிமம் செல்லாது என்று சொல்ல முடியாது எனத் தீர்ப்பு வந்தது. ஆனால் டிரெய்லரும் சட்டப்படி ஒரு வாகனம்தான். அதற்கும் பதிவு வேண்டும், இன்சூரன்ஸ் பாலிசியிலும் அது சேர்ந்திருக்க வேண்டும். பல வீடுகளில் டிராக்டருக்கு மட்டும் பாலிசி போட்டுவிட்டு டிரெய்லரை விட்டுவிடுகிறார்கள். இன்றே உங்கள் பாலிசியை எடுத்துப் பாருங்கள்.

குட்டி யானையில் மார்க்கெட்டுக்குப் போகிறவர்களுக்கு

பாவூர்சத்திரம் மார்க்கெட்டுக்குக் காய்கறியும், புளியங்குடியிலிருந்து எலுமிச்சையும் ஏற்றிப் போகும் சின்ன சரக்கு வண்டிகள் விஷயத்தில் பல ஆண்டுகள் குழப்பம் இருந்தது. மஞ்சள் போர்டு வண்டி என்பதால், எல்.எம்.வி. உரிமத்தோடு போக்குவரத்து வாகன அனுமதியும் தனியாக வேண்டும் என்று இன்சூரன்ஸ் நிறுவனங்கள் வாதாடின. அது இல்லையென்று சொல்லி இழப்பீடு தர மறுத்த வழக்குகள் நாடு முழுவதும் உண்டு.

2017-இல் முகுந்த் தேவாங்கன் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஓட்டுநர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. அது மறுபடியும் கேள்விக்கு உள்ளாகி, ஐந்து நீதிபதிகள் அமர்வுக்குப் போனது. 2024 நவம்பர் 6-ஆம் தேதி ரம்பா தேவி வழக்கில் அந்த அமர்வு முடிவாகச் சொல்லிவிட்டது: மொத்த எடை 7,500 கிலோவுக்கு மிகாத சரக்கு வாகனத்தை எல்.எம்.வி. உரிமம் உள்ளவர் ஓட்டலாம். தனி அனுமதி தேவையில்லை. மொத்த எடை என்றால் வண்டியும் ஏற்றும் சுமையும் சேர்ந்த எடை. அது ஆர்.சி. புத்தகத்தில் எழுதியிருக்கும். போக்குவரத்து வாகனத்துக்கு 20 வயது என்ற விதியையும் மனதில் வையுங்கள்.

புளியரை தாண்டி கேரளாவுக்குச் சரக்குக் கொண்டு போகிறவர்களுக்கும் இதே உரிமம் போதும். ஒரு மாநிலத்தில் எடுத்த உரிமம் இந்தியா முழுவதும் செல்லும்.

உரிமம் இல்லாவிட்டால் என்ன நடக்கும்?

உரிமம் இல்லாமல் ஓட்டினால் 5,000 ரூபாய் அபராதம். அப்படிப்பட்டவரிடம் வண்டியைக் கொடுத்த உரிமையாளருக்கும் 5,000 ரூபாய் அபராதம் உண்டு. இரண்டுக்கும் மூன்று மாதம் வரை சிறைத் தண்டனையும் விதிக்கலாம். உண்மையான நஷ்டம் இதற்குப் பிறகுதான் வரும்.

ஓர் உதாரணம் சொல்கிறேன். சீசன் நேரத்து மாலையில் உங்கள் டிராக்டர் வயலிலிருந்து ரோட்டில் ஏறும்போது ஒரு பைக் மோதிவிடுகிறது. பைக்கில் வந்தவருக்குப் பலத்த காயம். டிராக்டரை ஓட்டியவரிடம் உரிமம் இல்லை. பாதிக்கப்பட்டவர் மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகிறார். இழப்பீடு பல லட்சம் என்று தீர்ப்பாகிறது. பாலிசி உயிரோடு இருந்தாலும், உரிமம் இல்லாதவர் ஓட்டினார் என்று நிறுவனம் நிரூபித்தால், பல வழக்குகளில் நீதிமன்றம் இப்படித்தான் உத்தரவிடுகிறது: நிறுவனம் முதலில் பாதிக்கப்பட்டவருக்குப் பணத்தைக் கொடுத்துவிட வேண்டும், பிறகு அதை வண்டி உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளலாம். அந்த வசூல் உங்கள் நிலத்தின் மீதும் வரலாம். தவறாமல் பிரீமியம் கட்டியும், ஓர் அட்டை இல்லாததால் அத்தனையும் வீணாகிவிடும்.

உரிமையாளருக்குப் பாதுகாப்பான வழியும் உண்டு. 2004-இல் ஸ்வரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம், உரிமையாளர் வேண்டுமென்றோ கவனக்குறைவாலோ நிபந்தனையை மீறினார் என்பதை நிறுவனம்தான் நிரூபிக்க வேண்டும் என்றது. எனவே டிரைவரின் உரிமத்தை நீங்கள் பார்த்துச் சரிபார்த்திருந்தால், அது உங்களைக் காக்கும். தினக்கூலிக்கு வரும் டிரைவர் ஆனாலும், அவசரத்துக்கு வண்டி கேட்கும் பக்கத்து வயல்காரர் ஆனாலும் அட்டையை வாங்கிப் பாருங்கள். வகுப்பையும் முடியும் தேதியையும் கவனித்து, செல்போனில் ஒரு படம் எடுத்து வையுங்கள். சொந்தக்காரரிடம் கேட்கச் சங்கடமாக இருக்கலாம். கேட்காமல் விட்டுப் பிறகு கோர்ட்டில் நிற்பது அதைவிடச் சங்கடம்.

பையன் நன்றாக ஓட்டுவான் என்றால்?

பதினைந்து வயதுப் பையன் பெரியவர்களைவிட நன்றாக உழுவான். அதில் பெருமைப்படுங்கள், வயலுக்குள் மட்டும். 18 வயது ஆகாதவர் ரோட்டில் ஓட்டிக் குற்றம் நடந்தால், 2019 திருத்தத்தின்படி பெற்றோர் அல்லது வண்டி உரிமையாளருக்கு மூன்று ஆண்டு வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும் உண்டு. வண்டியின் பதிவு 12 மாதங்களுக்கு ரத்தாகும். அந்தப் பையனுக்கு 25 வயது வரை உரிமமும் கிடைக்காது. டிரைவர் வேலைக்கோ வெளிநாட்டு வேலைக்கோ போக நினைக்கும் பிள்ளைக்கு அது பெரிய இழப்பு.

டிராக்டரில் ஆள் ஏற்ற வேண்டாம்

நடவுக்கும் களையெடுப்புக்கும் வரும் பெண்களை டிரெய்லரில் ஏற்றிப் போவதும், மட்கார்டில் ஆளை உட்காரவைப்பதும் நம் ஊர் வழக்கம். டிராக்டரில் சீட் ஒருவருக்குத்தான். உங்களிடம் சரியான உரிமம் இருந்தாலும், இப்படி ஏறியவருக்கு அடிபட்டால் பாலிசி கைகொடுக்காமல் போகலாம். ஆட்களை மினி பஸ்ஸிலோ ஆட்டோவிலோ வரச் சொல்லிக் கட்டணத்தை நீங்கள் கொடுப்பது லாபம். செங்கல், ஜல்லி என்று வாடகைக்கு ஏற்றினாலும், விவசாயப் பயன்பாட்டுக்கு எடுத்த பாலிசி என்று சொல்லி நிறுவனம் மறுக்க இடம் உண்டு.

உரிமம் எடுக்கும் முறை

முதலில் பழகுநர் உரிமம், அதாவது எல்.எல்.ஆர். பரிவாகன் இணையதளத்தில் சாரதி பகுதியில் விண்ணப்பிக்கலாம். உங்கள் ஊர் இ-சேவை மையத்திலும் செய்து தருவார்கள். ஆதார், வயதுச் சான்று, முகவரிச் சான்று வேண்டும். 40 வயதுக்கு மேற்பட்டவர்கள் மருத்துவச் சான்றும் தர வேண்டும். சாலை விதிகள், சின்னங்கள் பற்றி ஒரு தேர்வு உண்டு. தமிழிலேயே எழுதலாம். 60 சதவீதம் சரியாகச் சொன்னால் தேர்ச்சி.

எல்.எல்.ஆர். ஆறு மாதம் செல்லும். இந்தக் காலத்தில் ரோட்டில் ஓட்டினால் வண்டியின் முன்னும் பின்னும் எல் போர்டு வேண்டும். உரிமம் உள்ளவர் பக்கத்தில் இருக்க வேண்டும். டிராக்டரில் பக்கத்துச் சீட் கிடையாது. எனவே டிராக்டரை வயலில் பழகுங்கள், ரோட்டுப் பழக்கத்தைப் பயிற்சிப் பள்ளியின் காரில் பழகுங்கள்.

எல்.எல்.ஆர். எடுத்து 30 நாட்கள் ஆனதும் ஓட்டுநர் சோதனைக்குப் போகலாம். தென்காசிக்கு டி.என். 76 ஆர்.டி.ஓ. அலுவலகம். பைக்கும் காரும் சேர்த்தே விண்ணப்பித்தால் அலைச்சல் குறையும். மத்திய விதிப்படி எல்.எல்.ஆருக்கு ஒரு வகுப்புக்கு 150 ரூபாய், அதன் தேர்வுக்கு 50, ஓட்டுநர் சோதனைக்கு ஒரு வகுப்புக்கு 300, உரிமத்துக்கு 200. இதோடு சேவைக் கட்டணங்கள் சேரும். திரையில் காட்டும் தொகைக்கு ரசீது கேட்டு வாங்குங்கள். அட்டை தபாலில் வீட்டுக்கு வரும் என்பதால் முகவரியையும் செல்போன் எண்ணையும் சரியாகக் கொடுங்கள்.

பீரோவில் இருக்கும் உரிமத்தை எடுத்துப் பாருங்கள்

நம்மில் பலர் இளவயதில் உரிமம் எடுத்துவிட்டுப் பிறகு தேதியைப் பார்ப்பதே இல்லை. முன்பு 20 ஆண்டு அல்லது 50 வயது, எது முதலில் வருகிறதோ அதுவரைதான் உரிமம் செல்லும் என்று இருந்தது. இப்போதுள்ள கணக்கு இது:

• 30 வயதுக்குள் எடுத்தால்: 40 வயது வரை
• 30 முதல் 50-க்குள்: 10 ஆண்டு
• 50 முதல் 55-க்குள்: 60 வயது வரை
• 55-க்கு மேல்: ஐந்து ஆண்டு

தேதி முடிந்த மறுநாளே உரிமம் செல்லாது. முன்பு இருந்த 30 நாள் சலுகை இப்போது இல்லை. முடிவதற்கு ஓராண்டு முன்பிருந்தே புதுப்பிக்கலாம். முடிந்து ஓராண்டைத் தாண்டிவிட்டால் மறுபடியும் ஓட்டிக் காட்ட வேண்டும்.

செல்போனில் டிஜிலாக்கர், எம்-பரிவாகன் செயலிகளில் காட்டும் உரிமமும் ஆர்.சி.யும் சட்டப்படி செல்லும். சேற்றில் நனையாமல் இருக்க இது வசதி.

உழவு தொடங்கும் முன் டயரில் காற்று, என்ஜின் ஆயில், டீசல் என்று பார்க்கிறோம். இந்த ஆண்டு அதோடு மூன்று தேதிகளையும் பாருங்கள்: உங்கள் உரிமம் முடியும் தேதி, டிரைவரின் உரிமம் முடியும் தேதி, டிராக்டர், டிரெய்லர் இரண்டுக்குமான பாலிசி முடியும் தேதி. மூன்றும் சரியாக இருந்தால், சீசன் நெரிசலிலும் கவலையில்லாமல் வயலுக்குப் போய் வரலாம்.