உங்களுக்குத் தெரியுமா? ஜகரண்டா மரத்தில் ஒரு பேராசிரியர்

1973-இல் நோபல் பரிசு பெற்ற ஆஸ்திரேலிய எழுத்தாளர் பேட்ரிக் வைட், சிட்னியின் காஸில் ஹில்லில் வாழ்ந்த காலத்தில் எழுதிய நாவல் ‘ரைடர்ஸ் இன் தி சாரியட்’ (1961). நாஜிகளுக்கு மனைவியைப் பறிகொடுத்துத் தப்பி வந்த யூதப் பேராசிரியர் ஹிம்மல்ஃபார்ப், சிட்னிப் புறநகரில் சைக்கிள் விளக்குத் தொழிற்சாலையொன்றில் கூலி வேலை பார்க்கிறார். ஈஸ்டரையொட்டி ஒருநாள், கூட வேலை செய்பவர்களே அவரை முற்றத்து ஜகரண்டா மரத்தில் ஏற்றி, சிலுவையில் அறைவதுபோல் விளையாட்டுக் காட்டுகிறார்கள்.

முதலாளி ரோஸ்ட்ரீயும் யூதர்தான். பெயரை மாற்றி, கத்தோலிக்கராகி, பிறப்பை மறைத்து வாழ்பவர். தடுத்திருக்க வேண்டியவர், அந்த ரகசியம் வெளிப்பட்டுவிடுமோ என்று அஞ்சித் தடுக்கவில்லை. கூட்டத்தின் வெறியைவிட இந்த அச்சம்தான் என்னை அதிகம் உலுக்கியது. தடுக்காமல் இருந்த குற்றவுணர்வே பின்னர் ரோஸ்ட்ரீயின் உயிரைக் குடிக்கிறது. நாவலுக்கு 1961-ஆம் ஆண்டின் மைல்ஸ் ஃபிராங்க்ளின் விருது கிடைத்தது.